படலையடியில் ஒரு தேத்தண்ணி

"போங்கோ. இந்த வீட்டிலை உங்களுக்கு இடமில்லை. வந்த வழியாலை போங்கோ."

செல்வராணி வேலிப் படலையை இழுத்துச் சாத்தினாள். வெளியே, வெயிலில், கையில் ஒரு பயணப் பையோடு யோகநாதன் அண்ணை தலையைக் குனிந்தபடி நின்றார். கமரா ஓடிக்கொண்டிருந்தது. லண்டனிலிருந்து காட்சியைப் பார்க்க வந்து, வேப்பமர நிழலில் பிளாஸ்டிக் கதிரையில் இருந்த ஹெலன் உடம்பை முன்னுக்குச் சாய்த்துப் பார்த்தார். வசனத்தை எழுதிய நான் கமராவுக்குப் பின்னால் நின்றேன்.

இனி அவள் திரும்பி வீட்டுக்குள் போகவேண்டும். அவ்வளவுதான், காட்சி முடிந்தது.

அவள் திரும்பினாள். இரண்டு அடி வைத்தாள். பிறகு தலையை மட்டும் திருப்பி, அவ்வளவு நேரமும் இருந்த கோபம் எங்கே போனதென்று தெரியாத ஒரு குரலில் சொன்னாள்:

"தேத்தண்ணி ஒண்டு குடிச்சிட்டுப் போங்கோவன்."

"ஓம், குடிப்பம்," என்றார் யோகநாதன் அண்ணை.

காலையிலிருந்து இதுதான் நடந்துகொண்டிருந்தது. எத்தனையாவது தடவை என்று எண்ணுவதை நான் மத்தியானத்தோடு விட்டுவிட்டேன். அது வன்னியில், ஸ்கந்தபுரத்தில் என் சித்தப்பா மகன் ரவியின் வீடு. வேலியோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்த சனம் விழுந்து விழுந்து சிரித்தது. டைரக்டர் மார்க் சிரிக்கவில்லை. நானும் சிரிக்கவில்லை. எனக்கு அன்றைக்கு ஒரு நாள்தான் தரப்பட்டிருந்தது. அதில் பாதிக்கு மேல் தேத்தண்ணியில் போய்விட்டது.

நர்ஸ் வந்தால் என் மேசைக்கு

போன கிழமை இந்தப் பத்தியில் எழுதியதைப் படித்துவிட்டு வவுனியாவிலிருந்து ஒரு வாசகர் கேட்டிருந்தார்: "வெள்ளைக்காரருக்கு நாடகம் எழுத உங்களுக்கு என்ன தெரியும்?" நியாயமான கேள்வி. ஆரம்பத்தில் எனக்கு ஒன்றும் தெரியாதுதான்.

லண்டனில் ஒரு தொலைக்காட்சி நாடகக் கம்பனிக்கு நான் போனது தொலைபேசி எடுக்கிற வேலைக்கு. தபாலில் வருகிற நாடகப் பிரதிகளை அடுக்கி வைப்பதும் என் பொறுப்பு. அடுக்குகிறவள் வாசிக்காமல் இருப்பாளா? வாசித்தேன். வாசிக்க வாசிக்க, இதை நானும் எழுதுவேனே என்ற திமிர் வந்தது. அந்தத் திமிரில் ஒரு பாகம் எழுதி, அடுக்கின் மேலே நானே வைத்தேன். திருப்பி அனுப்பினார்கள். இன்னொன்று எழுதி வைத்தேன். என் தொல்லை தாங்காமல்தான் கடைசியில் வேலை தந்தார்கள் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

முதலில் ஓர் ஆஸ்பத்திரித் தொடர். ஒவ்வொரு கிழமையும் ஒருத்தர் சாகவேண்டும், ஒருத்தர் பிழைக்கவேண்டும், இரண்டு டொக்டர்மார் லிஃப்டுக்குள் சண்டை பிடிக்கவேண்டும். கதையின் போக்கை மேலிடத்தில் தீர்மானித்துவிடுவார்கள். எழுத்தாளருக்கு ஆளுக்கொரு பாகம் பிரித்துக் கொடுப்பார்கள். எங்கள் நிறத்தில் ஒரு நர்ஸ் வந்தால் அந்தப் பாகம் தவறாமல் என் மேசைக்கு வரும். அவள் பெயர் பிரியாவாக இருக்கும். அவளுடைய தாய் அவளுக்குக் கலியாணம் பேசிக்கொண்டிருப்பாள். பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு ஒருநாள் பிரியாவை மோட்டார் சைக்கிள் பந்தயத்துக்கு அனுப்பினேன். மேலிடம் மோட்டார் சைக்கிளை வெட்டிவிட்டுக் கலியாணத்தைத் திரும்பப் போட்டது.

பிறகு பொலிஸ் தொடர். அதில் நான் பெயர் எடுத்தது கதவு சாத்தும் காட்சிகளில். பொலிஸ் வந்து தட்டும். உள்ளே இருப்பவள் கதவை ஒரு சாண் திறப்பாள், நாலு சொல் சொல்வாள், முகத்தில் அறைந்தாற்போலச் சாத்துவாள். அந்தக் குளிருக்குக் கதவு எப்போதும் சாத்தித்தான் இருக்கும், ஆகவே சாத்துவது அங்கே பெரிய காரியமில்லை. அதை நாலு சொல்லில் செய்வதுதான் வித்தை. "உன் கதவுகள் நன்றாகச் சாத்துகின்றன" என்று ஒரு தயாரிப்பாளர் என்னைப் பாராட்டினார். அதை அம்மாவுக்குத் தொலைபேசியில் பெருமையாகச் சொன்னேன்.

"ஆரடி அவள், வீட்டுக்கு வந்த மனுசரை அப்பிடியே துரத்துறவள்?" என்று அம்மா கேட்டார்.

"வந்தது பொலிஸ் அம்மா."

"பொலிசுக்குத் தண்ணி விடாய்க்காதோ?"

அம்மாவுக்கு என் தொழில் கடைசிவரை பிடிபடவில்லை. அக்கம்பக்கத்தில் கேட்டால், மகள் லண்டனில் ரைப் அடிக்கிறாள் என்றுதான் சொல்லுவார். யோசித்துப் பார்த்தால் அதிலும் பிழை இல்லை.

ஒரு நாள், ஒரு காட்சி

மற்றவர்களின் தொடர்களுக்கு எழுதியே என் தலை நரைக்கத் தொடங்கிவிட்டது. அதன் பிறகுதான் என் பெயரில், என் கதையாக, ஒரு நாடகத்துக்கு இடம் கிடைத்தது. மூன்று பாகம். வன்னியில் நடக்கும் கதை. வெளிநாட்டுக்குப் போய், கூப்பிடுகிறேன் கூப்பிடுகிறேன் என்று சொல்லி, பிறகு தொடர்பையே விட்டுவிட்ட ஒரு புருசன், பிள்ளைகள் வளர்ந்த பிறகு ஒருநாள் பையோடு வந்து நிற்கிறான். மனுசி அவனைப் படலையடியிலேயே மறித்துவிடுகிறாள். முதல் பாகம் அதோடு முடியும்.

அந்த இடத்தைத் தந்த தொலைக்காட்சியில் நாடகங்களுக்குப் பொறுப்பாக இருப்பவர் ஹெலன். அவருக்குக் கதை பிடித்துவிட்டது. ஆனால் கூட்டத்தில் இருந்த மற்ற எல்லோரும் ஒரே குரலில் சொன்னார்கள்: இதை வேறொரு நாட்டில் எடுப்போம். அங்கே வசதி இருக்கிறது, பழகிய நடிகர்கள் இருக்கிறார்கள், பொருத்தமான ஒரு வீடும் பார்த்தாயிற்று. வன்னியில் யார் நடிப்பார்கள்?

"தமிழ் எங்கேயும் தமிழ்தானே?" என்று ஒருத்தர் என்னிடமே கேட்டார்.

எனக்குச் சுள்ளென்று ஏறியது. எங்கள் சனம் "ஓம்" சொல்ல வேண்டிய இடத்தில் யாரோ வேறு மாதிரித் தலையாட்டுவதைப் பார்க்கவா நான் இவ்வளவு காலம் பிரியாவுக்கு மாப்பிள்ளை தேடினேன்? மேசையில் தட்டினேன். கண்ணீரும் வந்திருக்கும், சரியாக நினைவில்லை. கடைசியில் ஹெலன் ஒரு முடிவு சொன்னார்.

"ஒரு காட்சி. உன் ஊரில், உன் ஆட்களை வைத்து, ஒரு நாளில் எடுத்துக் காட்டு. நான் நேரில் வருகிறேன். எனக்கு நம்பிக்கை வந்தால் முழுவதும் அங்கேயே எடுக்கலாம். வராவிட்டால் அந்த வீட்டுக்குப் போவோம். அதன் பிறகு நீ மேசையில் தட்டக்கூடாது."

சரி என்றேன். வேறு என்ன சொல்ல?

நடிகர்களைத் தேடி ஊர் ஊராகப் போனோம். செல்வராணி மல்லாவியில் தையல்கடை வைத்திருப்பவள். அவளுடைய தாய் தகப்பன் மலையகத்திலிருந்து வந்து காடு வெட்டிக் குடியேறியவர்கள். இவள் பிறந்ததும் வளர்ந்ததும் இங்கேதான். கழுத்தில் அளவுநாடாவோடு வந்து நின்று, "கடையைப் பூட்டிப்போட்டு வந்தனான், கெதியாச் சொல்லுங்கோ," என்றாள். வசனத்தைக் கொடுத்தோம். மார்க்குக்குத் தமிழ் ஒரு சொல் தெரியாது. அவள் சொல்லி முடித்தபோது அவனே எழுந்து நின்றுவிட்டான்.

யோகநாதன் அண்ணை கனகராயன்குளத்துக்காரர். ஏ9 வீதியில் பஸ் கொண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். கோயில் திருவிழா நாடகங்களில் ராசா வேசம் கட்டியவர். குரலைக் குறைக்கச் சொல்லித்தான் அவரோடு கொஞ்சம் மல்லுக்கட்ட வேண்டியிருந்தது.

எல்லாம் சரியாகத்தான் இருந்தது. ஆனால் ஆள் எடுத்த அந்த அறைக்குள் படலையும் இல்லை, வெயிலில் நின்ற மனுசனும் இல்லை. அது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

வாய் தன்பாட்டில்

பின்னேரம் ஆகிக்கொண்டிருந்தது. மார்க் என்னை ஒரு பக்கமாகக் கூப்பிட்டான்.

"ஆளை மாற்றுவோம். ரவியின் மகள் நாடகம் படித்தவளாமே. வசனமும் அவளுக்குப் பாடம். வெளிச்சம் போவதற்குள் முடித்துவிடலாம். ஹெலனின் வாகனம் இருட்டுவதற்குள் கொழும்புக்குப் புறப்பட வேண்டும்."

அவன் சொன்னதில் பிழை இல்லை. நான் செல்வராணியைக் கிணற்றடிக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

"என்ன செல்வராணி இது? திருப்பித் திருப்பி அதே பிழை."

"எனக்கும் வெக்கமாத்தான் கிடக்கு அக்கா. சொல்லக்கூடாது, சொல்லக்கூடாது எண்டு பல்லைக் கடிச்சுக்கொண்டுதான் திரும்புறன். வாய் தன்ரை பாட்டிலை சொல்லிப்போடுது."

"அவன் உன்னையும் பிள்ளையளையும் நடுத்தெருவிலை விட்டிட்டுப் போனவன். கதை தெரியும்தானே?"

"தெரியும். நினைச்சா வயிறு பத்துது. ஏசச் சொல்லுங்கோ, இன்னும் நல்லா ஏசுறன்." அவள் படலைப் பக்கம் பார்த்தாள். யோகநாதன் அண்ணை துவாயால் கழுத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். "ஆனா காலமை துவக்கம் மனுசன் வெய்யிலுக்கை எல்லோ நிக்குது."

"அது நடிப்பு."

"வேர்க்கிறது நடிப்பில்லையே அக்கா."

எனக்குச் சிரிப்பும் வந்தது, எரிச்சலும் வந்தது. அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"என்னை மாத்திப்போடாதேங்கோ. கடைக்கு வாற எல்லாருக்கும் சொல்லிப்போட்டன். இந்த மனுசியை எனக்குத் தெரியும் அக்கா. நான் செய்வன்."

தூர இருந்து படிக்கிறவர்களுக்கு ஒன்று சொல்லவேண்டும். எங்கள் பக்கத்தில் தேத்தண்ணி கொடுப்பதற்கும் அன்புக்கும் பெரிய சம்பந்தம் இல்லை. பிடிக்காதவனுக்கும் கொடுத்தாக வேண்டும். வேலி எல்லைக்குச் சண்டை பிடிக்க வந்தவர்கூடத் தேத்தண்ணியைக் குடித்து முடித்துவிட்டுத்தான் ஏசத் தொடங்குவார். இடம்பெயர்ந்து தறப்பாள் கொட்டிலுக்குள் இருந்த நாட்களில், சீனி என்ற சாமானையே கண்ணால் காணாத நேரத்தில், எட்டிப் பார்த்தவருக்கு வெறும் சுடுதண்ணியாவது கொடுத்தார்கள். தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பது சும்மா இல்லை. கமராவைக் கண்டதும் அது எழுந்து ஓடிவிடுமா?

ஹெலனைக் கேட்டால் அவரும் சாட்சி சொல்வார். மத்தியானச் சாப்பாட்டு இடைவேளையில் என் சொந்தக்காரர் வீடுகளுக்கு அவரைக் கூட்டிக்கொண்டு போனேன். போன வீடெல்லாம் தேத்தண்ணி. மரியாதை என்று நினைத்து எல்லாவற்றையும் கடைசிச் சொட்டுவரை குடித்தார். குடித்த பேணி வெறுமையானால் திரும்ப ஊற்றுவார்கள் என்பதை அவருக்குச் சொல்ல நான் மறந்துபோனேன். பாவம், வேப்பமரத்தடிக் கதிரையில் அவர் நெளிந்துகொண்டிருந்ததற்குக் காரணம் என் நாடகம் மட்டும் அல்ல.

வாயை மூடின பக்கம்

நாங்கள் வந்த வானின் முன் சீட்டில் ஏறி இருந்து கதவைச் சாத்தினேன். மார்க்கிடம் கொஞ்ச நேரம் கேட்டிருந்தேன்.

அவசரத்தில் திருத்தி எழுதுவது எனக்குப் புதிதல்ல. கார் நிறுத்தும் இடத்தில், மழைக்குள், நடிகர் உடுப்பு மாற்றுகிற இடைவெளியில் எல்லாம் எழுதியிருக்கிறேன். ஆனால் அதெல்லாம் பிரியாவின் கதை. இது என்னுடையது.

என் பயம் இதுதான். அவள் தேத்தண்ணி குடிக்கக் கூப்பிட்டால் அவன் உள்ளே வந்துவிடுவான். உள்ளே வந்தால் அவள் மன்னித்துவிட்டாள் என்று அர்த்தம். முதல் பாகத்திலேயே மன்னித்தால் மற்ற இரண்டு பாகத்துக்கும் கதை ஏது? கூப்பிடாமல் இருக்கச் செல்வராணியால் முடியவில்லை. அவளை மாற்றினால் காட்சி எடுபடும், ஆனால் ஆள் எடுத்த அறையில் நான் கண்ட அந்த மனுசி போய்விடுவாள்.

இரண்டையும் எப்படிச் சேர்ப்பது என்று பேனையைக் கடித்துக்கொண்டு இருந்தேன். கண்ணாடிக்கு வெளியே செல்வராணி படலைக்கு இந்தப் பக்கமும், யோகநாதன் அண்ணை அந்தப் பக்கமுமாக நின்று ஏதோ கதைத்துக்கொண்டிருந்தார்கள். படலை நெஞ்சு உயரம். சாத்தித்தான் இருந்தது.

கூப்பிட்டால்தானே படலையைத் திறக்கவேண்டும்? கூப்பிடாமலே கொடுத்தால்?

வசனப் பக்கம் முழுவதையும் குறுக்கே கோடிட்டு வெட்டினேன். என் நாலு சொல்லையும் சேர்த்துத்தான் வெட்டினேன். அவன் வருகிறான். அவள் பார்க்கிறாள். படலையைச் சாத்துகிறாள். உள்ளே போகிறாள். தேத்தண்ணியோடு வருகிறாள். படலைக்கு மேலால் கொடுக்கிறாள். அவன் குடிக்கிறான். பேணியை வாங்கிக்கொண்டு போகிறாள். ஒருத்தரும் ஒரு சொல் பேசுவதில்லை.

செல்வராணி அதைக் கேட்டுவிட்டு, "இது ஏலும்," என்றாள்.

யோகநாதன் அண்ணைக்குத்தான் முகம் விழுந்துவிட்டது.

"பிள்ளை, என்ரை வசனம் முழுக்கப் போச்சுதோ?"

"ஓம் அண்ணை."

"ஒரு கிழமையாப் பாடமாக்கினது. ஒரு வசனமாவது விடுங்கோவன்."

"ஒண்டும் இல்லை அண்ணை. சும்மா நிண்டாக் காணும்."

"சும்மா நிக்கிறது கஷ்டமான வேலையெல்லோ," என்று முணுமுணுத்துக்கொண்டே பையைத் தூக்கிக்கொண்டு வெளியே ஒழுங்கைக்குப் போனார்.

ஆறின தேத்தண்ணி

வெயில் சாய்ந்து மஞ்சளாகிவிட்டது. இன்னும் ஒரு தடவைதான் எடுக்கலாம் என்று மார்க் சொல்லிவிட்டான். கமராவின் கண்ணுக்குப் படாமல், வாசல் கதவுக்குப் பின்னால் ஒரு ஸ்டூலில் தேத்தண்ணிப் பேணி தயாராக இருந்தது. அவள் உள்ளே போய் அதை எடுத்துக்கொண்டு திரும்பி வரவேண்டும். அவ்வளவு சுலபம்.

அவர் வந்தார். அவள் பார்த்தாள். படலையைச் சாத்தினாள். உள்ளே போனாள்.

வரவில்லை.

நாங்கள் காத்திருந்தோம். குசினிப் பக்கமாக ஏதோ சட்டி நகரும் சத்தம் கேட்டது. பிறகு தண்ணீர் ஊற்றும் சத்தம். மார்க் என்னைப் பார்த்தான். அவன் வாயைத் திறந்து நிறுத்தச் சொல்லப் போகிறான் என்று தெரிந்தது. நான் அவன் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தேன். ஏனென்றால் நான் யோகநாதன் அண்ணையைப் பார்த்துவிட்டேன்.

சொல்ல வசனமும் இல்லை, போகவும் முடியாது. மனுசன் முதலில் வீட்டைப் பார்த்தார். பிறகு ஒழுங்கையைப் பார்த்தார். பையைக் கீழே வைத்தார். காலையிலிருந்து அறைந்து அறைந்து சாத்தியதில் படலையின் ஒரு தடி கட்டு விட்டுத் தொங்கிக்கொண்டிருந்தது. அவர் கண் அதில் போய் நின்றது. குனிந்தார். தடியை நிமிர்த்தி வைத்து, தளர்ந்து கிடந்த கட்டுக்கம்பியை இரண்டு விரலால் முறுக்கத் தொடங்கினார். நடிக்கிறோம் என்ற நினைப்பு அவருக்கு அந்த நேரம் இருந்திருக்காது. தன் வீட்டுப் படலை என்றால் எப்படி முறுக்குவாரோ அப்படி, பல்லால் உதட்டைக் கடித்துக்கொண்டு முறுக்கினார்.

செல்வராணி வந்தாள். பேணியில் ஆவி பறந்தது. படலையில் இருந்த அவர் கையைக் கண்டதும் நின்றுவிட்டாள். அவள் உதடு அசைந்தது. போச்சு, சொல்லப்போகிறாள் என்று நினைத்தேன். சொல்லவில்லை. உதட்டை இறுக்கிக்கொண்டு பேணியைப் படலைக்கு மேலால் நீட்டினாள்.

அவர் இரண்டு கையாலும் வாங்கினார். ஊதி ஊதிக் குடித்தார். அவள் அவரைப் பார்க்காமல் வயல் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றாள். வெறும் பேணியைத் திருப்பி வாங்கினாள். போகத் திரும்பியவள், மற்றக் கையால் படலையை ஒருதடவை இழுத்துப் பார்த்தாள். அது இப்போது நன்றாக இறுகி இருந்தது. அப்படியே விட்டுவிட்டு உள்ளே போனாள்.

நான் அழுதுகொண்டிருந்தேன். மார்க்கின் மணிக்கட்டை இன்னும் விடவில்லை. அவன் ஒற்றைக் கையைத் தூக்கித்தான் காட்சியை நிறுத்தினான்.

செல்வராணி ஓடி வந்தாள்.

"மன்னிச்சுக்கொள்ளுங்கோ அக்கா, சுணங்கிப்போச்சு. நீங்கள் வைச்ச தேத்தண்ணி ஆறிக் கிடந்தது. ஆறினதைக் கொண்டுவந்து ஒரு மனுசனுக்குக் குடுக்கிறதே? அடுப்பிலை கொதிதண்ணி இருந்தது, புதுசா ஊத்தினனான். திரும்ப எடுக்கவேணுமோ?"

வேலியோரச் சனம் சிரித்தது. ஹெலன் கதிரையை விட்டு எழும்பிப் படலையடிக்கு வந்தார். முறுக்கியிருந்த கம்பியைத் தொட்டுப் பார்த்தார். மூன்று பாகத்தையும் வாசித்தவர் அவர். முடிவு அவருக்குத் தெரியும். ஆனாலும் என்னைக் கேட்காமல், செல்வராணியின் முகத்தைப் பார்த்துக் கேட்டார்.

"நாளைக்கும் அவன் வந்தால், திறப்பாயா?"

நான் தமிழில் சொன்னேன். செல்வராணி யோசித்தாள்.

"அதை இப்ப என்னண்டு சொல்லுறது? நாளைக்கு வரட்டும், பாப்பம்."

அதை நான் ஆங்கிலத்தில் சொன்னதும் ஹெலன் தொலைபேசியை எடுத்தார். லண்டனில் யாரோ பேசினார்கள்.

"பார்த்து வைத்த அந்த வீடு வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்," என்றார் ஹெலன். "நாங்கள் இங்கே நிற்கிறோம்."